1898-இல் பிறந்த பழைய வழக்கம்

1875-ஆம் ஆண்டு ஜப்பானின் இஷிகாவா மாவட்ட அதிகாரிகளுக்கு ஒரு சந்தேகம் வந்தது. கல்யாணமாகிப் புகுந்த வீட்டுக்குப் போன பெண்ணை அரசாங்கப் பதிவேட்டில் எந்தக் குடும்பப் பெயரில் எழுதுவது? பிறந்த வீட்டுப் பெயரிலா, புருஷன் வீட்டுப் பெயரிலா? தாங்களாக ஒன்றை முடிவுசெய்து பிறகு வாங்கிக் கட்டிக்கொள்வானேன் என்று, எல்லா நாட்டு குமாஸ்தாக்களும் செய்வதையே அவர்களும் செய்தார்கள். மேலிடத்துக்கு எழுதிக் கேட்டார்கள். புருஷன் வீட்டுப் பெயர்தான் பொருத்தம் என்று உள்துறை அமைச்சகத்துக்குத் தோன்றியது. இருந்தாலும் அதுவும் தன் பங்குக்குத் தனக்கு மேலே கேட்டது. 1876 மார்ச் 17 அன்று, அரசின் உச்ச மன்றமான தைஜோகான் பதில் அனுப்பியது: பெண் யாரைக் கட்டிக்கொண்டாலும் அவளுக்கு எழுத வேண்டியது அவள் பிறந்த வீட்டுப் பெயரைத்தான்.

அதே ஜப்பானில் இன்று கல்யாணத்தைப் பதிவுசெய்யும் ஜோடியில் ஒருவர் தன் குடும்பப் பெயரைக் கைவிட்டே ஆக வேண்டும். 100 ஜோடிகளில் 94, 95 ஜோடிகளில் கைவிடுவது பெண். இதை மாற்றலாமே என்று யாராவது வாய் திறந்தால், நம் குடும்ப மரபு என்னாவது என்று ஒரு கூட்டம் எழுந்து நிற்கிறது. மரபுகளுக்குப் பிறந்த தேதி கிடைப்பது அபூர்வம். இந்த மரபுக்கு ஆண்டும் மாதமும் நாளும் இருக்கின்றன: 1898 ஜூலை 16.

அந்தத் தேதிக்கு முன்னால் நடந்ததைச் சொன்னால்தான் கதை விளங்கும். தோகுகவா ஷோகன்கள் என்ற ராணுவ ஆட்சியாளர்களின் காலத்தில் குடும்பப் பெயரை ஊரறியச் சொல்லிக்கொள்வது, இடுப்பில் வாள் செருகிக்கொள்வதைப் போல, சாமுராய்களுக்கான சலுகை. குடியானவர், கைவினைஞர், வியாபாரிகளில் பலரிடம் வீட்டுக்குள் ஒரு பெயர் இருந்தது. அதை அரசாங்கக் காகிதத்தில் எழுதக் கூடாது, அவ்வளவுதான். மெய்ஜி ஆட்சி வந்த பிறகு, 1870-இல், இனி எல்லோரும் குடும்பப் பெயர் வைத்துக்கொள்ளலாம் என்று அறிவித்தார்கள். ஜனங்கள் அசையவில்லை. சர்க்கார் வலிய வந்து ஒன்றைக் கொடுத்தால் பின்னாலேயே வரி வரும் என்ற பயம் குடியானவனுக்கு எங்கேயும் உண்டு.

அப்புறம் 1872-இல் நாடு முழுவதற்கும் குடும்பப் பதிவேடு வந்தது. கோசெகி என்று பெயர். மறு ஆண்டே கட்டாய ராணுவ சேவையும் வந்தது. ஆள் பிடிக்கப் போனால் ஒரே ஊரில் ஏழெட்டுப் பேருக்கு ஒரே பெயர். யார் யாருடைய மகன் என்று கண்டுபிடிக்க முடியவில்லை. ராணுவ அமைச்சகம் நெருக்கியது. 1875 பிப்ரவரி 13 அன்று குடும்பப் பெயர் கட்டாயமாயிற்று. மூதாதையர் பெயர் தெரியாதவர்கள் புதிதாக ஒன்று வைத்துக்கொள்ளட்டும் என்று உத்தரவிலேயே எழுதியிருந்தார்கள். கோயில் பூசாரியிடமும் கிராமத் தலைவரிடமும் போய் எங்களுக்கும் ஒரு பெயர் போட்டுக் கொடுங்கள் என்று நின்றவர்கள் உண்டு.

ஆக, இஷிகாவா அதிகாரிகளின் கேள்வி பெயர் கட்டாயமான அதே ஆண்டில் எழுந்தது. ஆணுக்கு எழுதியாயிற்று, பிள்ளைக்கு எழுதியாயிற்று. வேறு வீட்டிலிருந்து வந்த மருமகளுக்கு என்ன எழுதுவது என்ற இடத்தில் பேனா நின்றுவிட்டது.

தைஜோகான் சொன்ன பதிலைப் பெண்ணுரிமை என்று எண்ணி யாரும் கைதட்ட வேண்டாம். பெயர் ரத்த வழியில் வருவது, மருமகள் அந்த ரத்தம் இல்லை, எனவே அவளுக்கு அந்தப் பெயரில் பாத்தியதை கிடையாது என்பதே அதன் உள்ளர்த்தம். சீனாவிலும் கொரியாவிலும் பெண்கள் கல்யாணத்துக்குப் பிறகும் தகப்பன் வீட்டுப் பெயரோடு இருந்ததற்குப் பின்னாலும் இதே கணக்குதான். ஜப்பானின் பழைய சரித்திரத்திலும் அப்படித்தான். ஷோகன் மினாமோதோ யோரிதோமோவின் மனைவியைப் பாடப் புத்தகங்கள் இன்றும் ஹோஜோ மசாகோ என்றே எழுதுகின்றன. ஷோகன் அஷிகாகா யோஷிமசாவின் மனைவி ஹினோ தோமிகோ. ஹோஜோ, ஹினோ இரண்டும் பிறந்த வீட்டுப் பெயர்கள்.

உத்தரவு ஒன்று, ஊர் நடப்பு வேறொன்று. சாமானியர் வீடுகளில் மருமகளைப் புருஷன் வீட்டுப் பெயரால் அழைப்பது பரவிக்கொண்டிருந்தது. இங்கே யாரும் அப்படி எழுதுவதில்லையே, என்ன செய்வது என்று மாவட்டங்களிலிருந்து கடிதங்கள் வந்துகொண்டே இருந்தன. அரசாங்கமோ இருபது ஆண்டுகளுக்கு மேல் தன் பதிலையே பிடித்துக்கொண்டிருந்தது.

திருப்பம் வெளிநாட்டிலிருந்து வந்தது. மேலை நாடுகளோடு செய்துகொண்ட அநியாய ஒப்பந்தங்களை உடைக்க வேண்டுமானால், அவர்கள் மதிக்கும்படியான சட்டத் தொகுப்பு ஒன்று கையில் இருக்க வேண்டும். பிரெஞ்சுச் சட்ட அறிஞர் புவாசொனாதை வரவழைத்து உரிமையியல் சட்டம் ஒன்றை எழுதி 1890-இல் வெளியிட்டார்கள். உடனே சண்டை மூண்டது. இந்தச் சட்டம் வந்தால் ராஜ விசுவாசமும் பெற்றோர் பக்தியும் செத்துப்போகும் என்ற பொருளில் தலைப்பே வைத்து ஒரு கட்டுரை எழுதினார் ஹோசுமி யாத்சுகா. சட்டம் நடைமுறைக்கு வராமலே கிடப்பில் போனது. புதிதாக எழுத மூன்று பேரை நியமித்தார்கள்: உமே கென்ஜிரோ, தோமீ மசாகி, ஹோசுமி நோபுஷிகே. மூன்றாமவர் யாத்சுகாவின் சொந்த அண்ணன். தம்பி கொளுத்திய வீட்டை அண்ணன் கட்டினார் என்று வைத்துக்கொள்ளலாம்.

புதிய சட்டத்தின் நடுத்தூண் 'இயே', அதாவது வீடு. சுவரும் கூரையும் உள்ள வீட்டைச் சொல்லவில்லை. தலைமுறை தலைமுறையாகத் தொடரும் குடும்பம் என்ற சட்ட உருவம். அதற்கு ஒரு தலைவன். அவன் சம்மதமில்லாமல் வீட்டார் எவரும் கல்யாணம் செய்துகொள்ளக் கூடாது. போதாததற்குப் பெற்றோர் சம்மதமும் வேண்டும், ஆணுக்கு 30 வயது வரை, பெண்ணுக்கு 25 வரை. கடன் வாங்க, ஜாமீன் நிற்க, நிலம் வாங்கி விற்க, வழக்குப் போட மனைவி கணவனிடம் அனுமதி வாங்க வேண்டும். இவ்வளவு பெரிய கட்டடத்தில் பெயர் விஷயம் இரண்டே செங்கல்: பிரிவு 788, மனைவி கல்யாணத்தால் கணவனின் வீட்டுக்குள் நுழைகிறாள் என்றது, பிரிவு 746, வீட்டில் இருப்பவர்கள் அந்த வீட்டின் பெயரைத் தாங்குவார்கள் என்றது. இரண்டையும் சேர்த்துப் படித்தால் மனைவியின் பெயர் மாறிவிடுகிறது. மனைவி கணவன் பெயரை எடுத்துக்கொள்ள வேண்டும் என்று நேராக ஒரு வரி கூடக் கிடையாது.

எழுதியவர்களின் கண்ணில் ஐரோப்பாவும் இருந்தது. மிஸ்டர், மிஸஸ் என்று ஒரே பெயரில் தம்பதி உலாவுவதுதான் நாகரிகம் என்று தோன்றிய காலம் அது. 1896-இல் இயற்றப்பட்ட ஜெர்மன் உரிமையியல் சட்டமும் மனைவிக்குக் கணவன் பெயர் என்றுதான் சொன்னது. ஊர் நடப்பு பாதி, ஐரோப்பிய நாகரிகம் பாதி, மேலே 'இயே' என்ற முத்திரை. இப்படித்தான் 22 ஆண்டுக்கால உத்தரவு தலைகீழானது.

வீட்டின் பெயர் என்று வைத்ததில் ஒரு வேடிக்கையும் சேர்ந்துகொண்டது. பெயர் வீட்டுக்கு உரியதானால், பெண்ணின் வீட்டுக்குள் நுழையும் ஆணும் தன் பெயரை விட வேண்டும். ஆண் வாரிசு இல்லாத குடும்பங்கள் மாப்பிள்ளையையே மகனாகத் தத்தெடுத்துக்கொள்ளும் வழக்கம் அங்கே மிகப் பழையது, முகோயோஷி என்பார்கள். நம்மூர் வீட்டோடு மாப்பிள்ளை அல்ல இவர்; பெயர், சொத்து, தொழில், முன்னோருக்குச் செய்யும் சடங்கு எல்லாவற்றுக்கும் வாரிசு. ஒசாகா டாக்டர் ஒருவரின் மகள் சுமியை 1932-இல் மணந்தபோது ஓகாவா ஹிதெகி என்ற இளம் இயற்பியல் ஆசிரியர் யுகாவா ஹிதெகி ஆனார். மூன்றே ஆண்டில் மேசான் துகளைப் பற்றிய கட்டுரை வந்தது. 1949-இல் ஜப்பானின் முதல் நோபல் பரிசு. இன்று நம் கல்லூரிகளில் எம்.எஸ்ஸி. மாணவர்கள் யுகாவா பொட்டென்ஷியல் என்று படிப்பது மாமனார் வீட்டுப் பெயரை. அவர் அண்ணன், சீன வரலாற்று அறிஞர் ஷிகெகியும் இப்படியே கைசுகா ஆனவர்.

ஐரிஷ் தந்தைக்கும் கிரேக்கத் தாய்க்கும் பிறந்து, பேய்க்கதைகளுக்குப் பேர்போன எழுத்தாளர் லாஃப்காடியோ ஹெர்ன் 1896-இல் ஜப்பானியக் குடிமகன் ஆனதும் மனைவி செத்சுவின் குடும்பப் பெயரை எடுத்துக்கொண்டு கொயிசுமி யாகுமோ ஆனார். இன்னும் பக்கத்தில் வேண்டுமானால் மாருதி காரின் பின்பக்கத்தைப் பாருங்கள். 1982-இல் இந்திய அரசோடு கைகோத்து அந்தக் காரை நம் தெருக்களுக்குக் கொண்டுவந்த ஒசாமு சுசுகி, பிறப்பால் மத்சுதா. சுசுகி குடும்பத்துப் பெண்ணை மணந்து, பெயரையும் பின்னாளில் கம்பெனியையும் பெற்றவர்.

போரில் தோற்ற ஜப்பானில் 1946 பிப்ரவரியில் அமெரிக்க ராணுவத் தலைமையகம் அவசர அவசரமாக ஓர் அரசியல் சாசன வரைவைத் தயாரித்தது. பெண்கள் பற்றிய பகுதி 22 வயதுப் பெண் ஒருத்தியிடம் வந்தது. வியன்னாவில் பிறந்து டோக்கியோவில் வளர்ந்த பியாத்தே சிரோட்டா. ஜீப்பை எடுத்துக்கொண்டு குண்டு விழுந்த நகரத்தில் எஞ்சியிருந்த நூலகங்களுக்கெல்லாம் போய், பல நாட்டுச் சாசனங்களை அள்ளிக்கொண்டு வந்தார். அவர் எழுதிய வரைவு பாதி வெட்டுப்பட்டாலும், கணவனும் மனைவியும் சம உரிமையோடு சேர்ந்து வாழ்வது கல்யாணம் என்று 24-ஆம் பிரிவு நின்றது. அதற்கேற்ப உரிமையியல் சட்டத்தைத் திருத்த உட்கார்ந்த ஜப்பானிய அறிஞர்கள் 'இயே'யை இடித்தார்கள். பெயர் விஷயத்தில் மட்டும் முதல் வரைவு மறுபடி கணவன் பெயரையே முன்னே வைத்தது. அது சமத்துவம் ஆகாது என்று ஆட்சேபம் வந்ததும் மாற்றி எழுதினார்கள். 1948 ஜனவரி 1 முதல் இன்று வரை பிரிவு 750 சொல்வது இவ்வளவே: கல்யாணத்தின்போது பேசி முடிவுசெய்தபடி, தம்பதி கணவனின் பெயரையோ மனைவியின் பெயரையோ தாங்குவார்கள்.

படிக்க நியாயமாகத்தான் இருக்கிறது. வீடு போய்விட்டது, தலைவன் போய்விட்டான்; ஒரே பெயர் என்ற விதி மட்டும் தங்கிவிட்டது. என் பார்வையில் தப்பு நடந்த இடம் 1898 கூட இல்லை, இதுதான். யாரோ ஒருவர் விட்டுக்கொடுத்தே தீர வேண்டும் என்று சட்டம் எழுதிவிட்டு, யார் என்பதை நீங்களே பேசிக்கொள்ளுங்கள் என்றால், மாமியார் மாமனார் நிற்கிற கூடத்தில் அந்தப் பேச்சு எப்படி முடியும் என்று சட்டம் எழுதியவர்களுக்குத் தெரியாதா?

அந்தப் பேச்சு முடிந்த பிறகு நிரப்ப வேண்டியது ஒரு ஒற்றைத் தாள். நகராட்சி அலுவலகத்தில் கிடைக்கும். தாலி, மோதிரம், புரோகிதர் எதுவும் சட்டத்துக்குத் தேவையில்லை. இந்தத் தாள்தான் கல்யாணம். ராத்திரி பன்னிரண்டு மணிக்குக் கொண்டுபோனாலும் காவல் மேசையில் வாங்கி வைத்துக்கொள்வார்கள். இரண்டு சாட்சிகளின் கையெழுத்துக்கு இடம் உண்டு. நடுவில் இரண்டு சின்னக் கட்டங்கள்: கணவனின் பெயர், மனைவியின் பெயர். ஒன்றில் டிக் போட வேண்டும். இரண்டிலும் போட்டாலோ, இரண்டையும் காலியாக விட்டாலோ கல்யாணம் பதிவாகாது.

பெயரை விட்டவருக்கு மறுநாளிலிருந்து வேலை. ஓட்டுநர் உரிமம், பாஸ்போர்ட், வங்கிக் கணக்கு, கிரெடிட் கார்டு, செல்போன், ஓய்வூதியக் கணக்கு, மருத்துவக் காப்பீடு. கையெழுத்தை விட முத்திரை செல்லுபடியாகும் ஊர் என்பதால் புதுப் பெயரில் ஹான்கோ முத்திரை செய்து அதையும் பதிய வேண்டும். நம்மூரில் அப்பாவின் இனிஷியலை விட்டுக் கணவரின் இனிஷியலுக்கு மாறியவர்களுக்கும், கெஜட்டில் பெயர் மாற்றியவர்களுக்கும் இந்த அலைச்சல் அத்துப்படி. ஆனால் இங்கே மாற்றாமலே இருந்துவிட்டால் சட்டம் கேட்பதில்லை. அங்கே தப்ப வழியில்லை. வேலையிடத்தில் பழைய பெயரிலேயே தொடர்பவர்கள் நிறைய. மத்திய அரசு ஊழியர்களுக்கு 2001-இல் அதற்கு அனுமதி கிடைத்தது. 2019-இலிருந்து அடையாள அட்டையிலும் ஓட்டுநர் உரிமத்திலும் பழைய பெயரைக் கூடவே எழுதிக்கொள்ளலாம். பாஸ்போர்ட்டில் அடைப்புக்குறிக்குள் போட்டுத் தருவார்கள். உள்ளே இருக்கும் சிப்புக்கோ அந்த அடைப்புக்குறி தெரியாது. பழைய பெயரில் ஓட்டல் அறை பதிவு செய்துவிட்டு வெளிநாட்டு வரவேற்பு மேசையில் யார் நீங்கள் என்ற கேள்விக்குப் பதில் சொல்லிக்கொண்டு நிற்கும் அதிகாரிகளின் கதைகளைக் கேட்டுக் கேட்டு அலுத்த பெருமுதலாளிகளின் சங்கமான கெய்தான்ரென், 2024 ஜூனில் அரசுக்கே எழுதியது: சட்டத்தை மாற்றுங்கள், இது வியாபாரத்துக்கு இடைஞ்சல். பெண்ணியவாதிகள் சொல்லி அசையாததை முதலாளிகள் சொல்லும் காலம் வந்தது.

விதிவிலக்கு ஒன்று இருக்கிறது. அதைச் சொன்னால் நம்ப மாட்டீர்கள். வெளிநாட்டவரை மணக்கும் ஜப்பானியருக்கு இந்த விதி பொருந்தாது. அவர் பெயர் அப்படியே இருக்கும். விருப்பப்பட்டால் ஆறு மாதத்துக்குள் துணைவரின் பெயருக்கு மாறலாம். அதாவது கோயம்புத்தூர் மாப்பிள்ளையைக் கட்டும் டோக்கியோ பெண் தன் பெயரோடு நிம்மதியாக இருப்பாள்; ஒசாகா மாப்பிள்ளையைக் கட்டினால் கட்டத்தில் டிக் போட வேண்டும். தம்பதிக்கு இரண்டு பெயர் இருந்தால் குடும்பம் சிதறும் என்போர் இந்தக் குடும்பங்கள் ஏன் சிதறவில்லை என்று சொல்வதில்லை. சிதறுவது வேறு இடத்தில். பெயரைக் காப்பாற்றிக்கொள்ளப் பதிவே செய்யாமல் சேர்ந்து வாழ்கிறவர்கள் இருக்கிறார்கள். குழந்தை பிறக்கும் சமயம் பதிவுசெய்து, பிறகு காகிதத்தில் மட்டும் விவாகரத்து வாங்கி அதே வீட்டில் வாழ்கிறவர்களும் இருக்கிறார்கள்.

1996-இல் சட்ட அமைச்சகத்தின் ஆலோசனைக் குழுவே விரும்பியவர்கள் தனித்தனிப் பெயர் வைத்துக்கொள்ளட்டும் என்று பரிந்துரைத்தது. ஆளும் கட்சிக்குள் எதிர்ப்பு; மசோதா நாடாளுமன்றப் படி ஏறவில்லை. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 2015 டிசம்பர் 16 அன்று 15 நீதிபதிகளில் 10 பேர் சட்டம் செல்லும் என்றார்கள். ஐந்து பேர் மறுத்தார்கள். அமர்வில் இருந்த பெண் நீதிபதிகள் மூவரும் அந்த ஐவரில் அடக்கம். 2021-இல் மறுபடி வழக்கு, மறுபடி அதே தீர்ப்பு, 11-க்கு 4. நாடாளுமன்றம் பார்த்துக்கொள்ளட்டும் என்று நீதிமன்றம் இரண்டு முறையும் பந்தைத் திருப்பி எறிந்தது. ஜெர்மனியிலோ, கணவன் பெயர் தானாக முந்துவது சமத்துவத்துக்கு விரோதம் என்று அரசியல் சாசன நீதிமன்றம் 1991-இலேயே தீர்த்துவிட்டது. இரண்டு ஆண்டில் சட்டமும் மாறியது. தம்பதிக்கு ஒரே பெயரைக் கட்டாயமாக்கும் வேறு நாடு எதுவும் தங்களுக்குத் தெரிந்து இல்லை என்பது ஜப்பானியச் சட்ட அமைச்சகமே ஒப்புக்கொண்ட விஷயம்.

தோஹோகு பல்கலைக்கழகப் பொருளாதாரப் பேராசிரியர் யோஷிதா ஹிரோஷி 2024 ஏப்ரல் முதல் தேதியன்று ஒரு கணக்கு வெளியிட்டார். ஒவ்வொரு கல்யாணத்திலும் ஒரு பெயர் அழிகிறதல்லவா? இப்படியே போனால் 2531-ஆம் ஆண்டில் ஜப்பானியர் எல்லோர் பெயரும் சாதோ என்றே ஆகிவிடும். நாட்டில் அதிகம் பேருக்கு இருக்கும் பெயர் அதுதான். முட்டாள்கள் தினத்தில் வந்தாலும் கணக்கு என்னவோ கணக்குதான்.

2025-இல் எதிர்க்கட்சிகள் கொண்டுவந்த மசோதாக்களை நாடாளுமன்றக் குழு 28 ஆண்டுகளுக்குப் பிறகு முதன்முறையாக விவாதித்து, ஓட்டெடுக்காமல் ஒத்திவைத்தது. அந்த அக்டோபரில் நாட்டின் முதல் பெண் பிரதமராகத் தகாய்ச்சி சனாய் பதவியேற்றார். தனித்தனிப் பெயர்களை அவர் நெடுநாளாக எதிர்ப்பவர். பழைய பெயரை வேலைக்குப் பயன்படுத்தச் சட்ட அங்கீகாரம் கொடுத்தால் போதும் என்பது அவர் கட்சி. 2004-இல் எம்.பி. யமமோதோ தாகுவை மணந்தபோது காகிதத்தில் யமமோதோ ஆகி, அரசியலில் தகாய்ச்சியாகவே நடமாடியவர். 2017-இல் விவாகரத்து. 2021-இல் அதே மனிதரை மறுமணம் செய்துகொண்டார். இந்த முறை தாளில் டிக் விழுந்தது இன்னொரு கட்டத்தில். பெயரை மாற்றிக்கொண்டவர் கணவர். யார் விட்டுக்கொடுப்பது என்பதைக் கை நீட்டி ஆடும் கல்-காகிதம்-கத்தரி ஆட்டத்தில் தீர்த்துக்கொண்டார்கள் என்று பத்திரிகைகள் எழுதின.